கேட்கக் கற்றுக்கொண்ட காமிரா: ஆனந்த் பட்வர்தனின் ஆவணப்படங்கள்

ஆவணப்படம் என்றதும் நம்மில் மூத்த தலைமுறையினருக்கு முதலில் நினைவுக்கு வருவது, திரையரங்கில் கதைப்படம் தொடங்குவதற்கு முன் ஓடிய அரசுச் செய்திப்படமே. 1948-இல் நிறுவப்பட்ட பிலிம்ஸ் டிவிஷன் தயாரித்த அப்படங்களை ஒவ்வொரு திரையரங்கும் காட்டியே தீரவேண்டும் என்பது பல்லாண்டுக்கால விதி. அணைகள் திறக்கப்படும், தலைவர்கள் கையசைப்பார்கள், வெள்ளத்தில் சிக்கியோருக்கு உணவுப் பொட்டலங்கள் விழும். கம்பீரமான குரலொன்று அனைத்தையும் விளக்கிக்கொண்டே செல்லும். அந்தக் குரலுக்கு ஐயம் என்பதே எழாது. திரையில் தெரியும் உழவரோ, மீனவரோ, கல்லுடைக்கும் பெண்ணோ வாய்திறந்து பேசுவது அரிது. அவர்களைப் பற்றிப் பேசப்படும், அவர்கள் பேசமாட்டார்கள்.

அந்த விளக்கக் குரலை ஒதுக்கிவிட்டு, பேசாதிருந்தவர்களின் முன் ஒலிவாங்கியை நீட்டியவர்களுள் முதன்மையானவர் ஆனந்த் பட்வர்தன். 1950-இல் பம்பாயில் பிறந்த இவர், அரசையோ பெருநிறுவனங்களையோ சாராமல் ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகளாகப் படமெடுத்து வருகிறார். இவருடைய படங்களில் பல தணிக்கைக் குழுவின் தடையையோ, தொலைக்காட்சி நிலையத்தின் மறுப்பையோ சந்தித்துள்ளன. பின் நீதிமன்றப் படியேறி வென்றுள்ளன. இந்தப் போராட்ட வரலாறு பலமுறை எழுதப்பட்டுவிட்டது. நாம் இங்கே எழுப்ப விரும்பும் வினா வேறு. பிறருடைய துயரத்தைப் படமெடுக்கும் உரிமையை ஒருவருக்கு யார் தருகிறார்கள்? படமெடுத்து முடித்தபின் அவருடைய கடமை எங்கே முடிகிறது? பட்வர்தனின் கலைவாழ்வு முழுவதையும் இவ்வினாவுக்கான நீண்டதொரு விடையாகப் படிக்க இடமிருக்கிறது.

வறுமையில் பிறந்த நடை

பம்பாய்ப் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் பயின்ற பட்வர்தன், அமெரிக்காவின் பிராண்டைஸ் பல்கலைக்கழகத்தில் சமூகவியல் படிக்கச் சென்றார். வியத்நாம் போரை எதிர்த்து மாணவர்கள் திரண்டெழுந்த காலம் அது. படிப்பு முடிந்தபின் கலிபோர்னியாவில் சீசர் சாவேஸ் தலைமையிலான பண்ணைத் தொழிலாளர் இயக்கத்தில் சிறிதுகாலம் தொண்டாற்றினார். 1972-இல் தாயகம் திரும்பியதும், மத்தியப் பிரதேசச் சிற்றூர் ஒன்றில் இயங்கிய கிஷோர் பாரதி என்னும் கல்வித் திட்டத்தில் சேர்ந்தார். திரைப்படத் துறைக்கு வருவோர் வழக்கமாக நடந்துவரும் பாதை இதுவன்று. மக்களோடு வாழ்தல் முதலில் வந்தது. காமிரா பிறகுதான் வந்தது.

1974-இல் பீகாரில் ஜெயப்பிரகாஷ் நாராயணின் தலைமையில் மாணவர் இயக்கம் மூண்டது. பாட்னாவில் காவல்துறையின் வன்முறையைப் பதிவு செய்வதற்காக, இரவல் வாங்கிய சூப்பர் 8 காமிராவுடன் பட்வர்தன் களத்தில் இறங்கினார். குடும்ப விழாக்களைப் படம்பிடிக்கப் பயன்பட்ட எளிய கருவி அது. அவ்வாறு எடுத்ததைத் திரையில் வீழ்த்தி, அத்திரையையே 16 மி.மீ. காமிராவால் மீண்டும் படம்பிடித்து உருவாக்கப்பட்டதே 'கிராந்தி கி தரங்கே' (புரட்சியின் அலைகள்). பிம்பங்கள் மங்கலாகவும் புள்ளிபுள்ளியாகவும் இருக்கின்றன. படம் நிறைவுற்ற சமயத்தில், 1975 ஜூனில், நெருக்கடிநிலை அறிவிக்கப்பட்டது. படத்தில் பேசியோர் பலர் சிறைப்பட்டனர். படச்சுருளைப் பகுதி பகுதியாகப் பிரித்து, வெளிநாடு செல்வோர் கையில் கொடுத்தனுப்பினார்கள். கனடாவில் அவை மீண்டும் ஒன்றுசேர்க்கப்பட்டன. பின்னர் மாண்ட்ரியல் நகரின் மக்கில் பல்கலைக்கழகத்தில் பயின்றபோது, இத்தகைய 'கெரில்லாத் திரைப்படம்' பற்றியே தம் ஆய்வேட்டை எழுதினார்.

இந்த முதற்படத்தின் நடை எவரும் திட்டமிட்டு வகுத்ததன்று; இல்லாமை வகுத்துத் தந்தது. விளக்குகள் இல்லை, கருவிகள் இல்லை, பெருங்குழு இல்லை. எனவே மனிதர்களின் அருகே செல்லவேண்டியிருந்தது. தூரத்திலிருந்து அழகாகக் காட்டும் வசதி இல்லாதவர், அருகிலிருந்து உண்மையாகக் காட்டியாக வேண்டும். பின்னாளில் நல்ல கருவிகள் கைக்கு வந்தபோதும் அந்த அருகாமையை அவர் விடவில்லை. பெரும்பாலான படங்களில் காமிராவை இயக்குபவரும், பின்னாலிருந்து வினவுபவரும், படத்தொகுப்புச் செய்பவரும் அவரே.

1978-இல் வெளிவந்த 'ஜமீர் கே பந்தி' (மனச்சான்றின் கைதிகள்) அரசியல் கைதிகளைப் பற்றியது. நெருக்கடிநிலை நீங்கி, ஆட்சி மாறி, நாடு நிம்மதிப் பெருமூச்சு விட்டுக்கொண்டிருந்த வேளை. அப்போது இப்படம், விசாரணையின்றி மனிதரை அடைத்துவைக்கும் வழக்கம் நெருக்கடிநிலைக்கு முன்பும் இருந்தது, பின்பும் இருக்கிறது என்று சுட்டிக்காட்டியது. தாம் ஆதரித்த தரப்பு வென்றபின்னும் வினவுதலை நிறுத்தாத இந்தக் குணமே அவரைக் கட்சிப் பிரசாரகரிடமிருந்து வேறுபடுத்துகிறது.

படத்துக்குள் எழுந்த எதிர்க்குரல்

1985-இல் வந்த 'ஹமாரா ஷஹர்' (பம்பாய் நம் நகரம்) சிறந்த கதையல்லாத படத்துக்கான தேசிய விருது பெற்றது. பம்பாயின் குடிசைவாசிகளும் நடைபாதைவாசிகளும் மழைக்காலத்தில் வெளியேற்றப்பட்டதன் வரலாறு இது. 1981-இல் தொடங்கிய அவ்வெளியேற்றத்தை எதிர்த்து உச்சநீதிமன்றத்தில் நடந்த வழக்கில், வாழ்வாதாரத்துக்கான உரிமை உயிர்வாழும் உரிமையின் ஒரு கூறே என்று 1985-இல் தீர்ப்பளிக்கப்பட்டது. ஆயினும் முறைப்படி அறிவிப்புக் கொடுத்து அகற்றலாம் என்றும் அதே தீர்ப்புக் கூறியது. சட்டத்தின் இந்த இரட்டை நாக்கைச் சட்டமொழி இல்லாமலேயே விளக்கிவிடுகிறது இப்படம். மாநகரின் மாடிவீடுகளைக் கட்டி எழுப்பியவர்களின் வீடுகளே இடிக்கப்படுகின்றன. வசதி படைத்தோர் நகரத்தின் தூய்மை பற்றிக் கவலைப்படுகிறார்கள்.

இப்படத்தில் மறக்கவொண்ணாத காட்சி ஒன்றுண்டு. வீடிழந்த பெண்ணொருத்தி, இடிபாடுகளின் நடுவே நின்று, படமெடுக்க வந்தவர்களையே கடிந்துகொள்கிறாள். ஏழைகளைப் படம்பிடித்து நீங்கள் பெயர் வாங்கிக்கொள்வீர்கள். எங்களுக்கு என்ன கிடைக்கும் என்பது அவளுடைய வினாவின் சாரம். இயக்குநர் நினைத்திருந்தால் படத்தொகுப்பு அறையில் இக்காட்சியை நீக்கியிருக்கலாம். அவர் நீக்கவில்லை. தம்மைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றும் சாட்சியத்தைத் தம் படத்திலேயே பதிவுசெய்து வைத்தார்.

இதை வெறும் நேர்மை என்று பாராட்டிவிட்டு நகர்ந்துவிடலாகாது. அவ்வினாவுக்குப் படம் விடை கூறவில்லை, கூறவும் இயலாது. அந்தப் பெண்ணின் சினத்தைப் படத்தில் சேர்த்ததாலேயே இயக்குநர் குற்றத்திலிருந்து விடுபட்டுவிடுவதில்லை. பார்வையாளராகிய நாமும் விடுபடுவதில்லை. அவள் படமெடுப்பவரைப் பார்த்துப் பேசும்போது காமிராவைப் பார்க்கிறாள். ஆகவே நம்மைப் பார்க்கிறாள். துயரத்தைக் கண்டு கண்ணீர் சிந்திவிட்டு இல்லம் திரும்பும் நம் வழக்கத்தை அந்தப் பார்வை மறித்து நிற்கிறது. பட்வர்தன் 1986-இல் குடிசைவாசிகளுக்கு மாற்று இடம் கோரி, நடிகை ஷபானா ஆஸ்மி முதலியோருடன் உண்ணாநோன்பில் அமர்ந்தார். படம் விடைசொல்ல இயலாத வினாவுக்கு உடலால் விடைசொல்ல முயன்ற செயல் அது எனலாம்.

எளிய வினாக்களின் வலிமை

பட்வர்தனின் நேர்காணல்கள் விசாரணைபோல் இருப்பதில்லை. எதிரிலிருப்பவரை மடக்கும் சாதுரியம் அவற்றில் இல்லை. சிறுவர் கேட்கக்கூடிய எளிய வினாக்களையே அவர் கேட்கிறார். விடை வரும்வரை காத்திருக்கிறார். அந்தக் காத்திருப்பில்தான் உண்மை வெளிப்படுகிறது.

1992-இல் வெளிவந்த 'ராம் கே நாம்' (இராமனின் பெயரால்) இதற்குச் சிறந்த சான்று. 1990-இல் சோமநாதபுரத்திலிருந்து அயோத்தியை நோக்கிப் புறப்பட்ட இரத யாத்திரையையும், அவ்வாண்டு அக்டோபர் இறுதியில் அயோத்தியில் நிகழ்ந்தவற்றையும் படம் பின்தொடர்கிறது. கோயில் எழுப்பப் புறப்பட்ட இளைஞர்களிடம், இராமன் பிறந்தது எந்தக் காலத்தில் என்று இயக்குநர் கேட்கிறார். உறுதியான முழக்கங்கள் தடுமாறுகின்றன. ஆனால் அவ்விளைஞர்களைக் கேலிசெய்வது படத்தின் நோக்கமன்று. ஆழ்ந்து அறியாத ஒன்றுக்காக உயிரைக் கொடுக்கவும் எடுக்கவும் இளைஞரை ஆயத்தப்படுத்துவோர் யார் என்பதே படத்தின் வினா.

இப்படத்தின் இதயம் பூசாரி லால்தாஸ். சர்ச்சைக்குரிய இடத்தில் வழிபாடு நடத்த நீதிமன்றத்தால் அமர்த்தப்பட்டிருந்த இந்து அர்ச்சகர் அவர். இவ்வியக்கம் அரசியலுக்கும் பணத்துக்குமானது, இதனை நடத்துவோர் அங்கே வந்து வழிபட்டவர்கள்கூட அல்லர், இவ்வூரில் இரு சமயத்தாரும் இணக்கமாகவே வாழ்ந்துவந்தனர் என்று அமைதியாக எடுத்துரைக்கிறார். குரலை உயர்த்துவதில்லை. தம் உயிருக்கு ஆபத்து இருப்பதை அறிந்தவராகவே பேசுகிறார். 1992-இல் அவர் அப்பொறுப்பிலிருந்து நீக்கப்பட்டார். அவ்வாண்டு டிசம்பர் 6-ஆம் நாள் மசூதி இடிக்கப்பட்டது. 1993 நவம்பரில் லால்தாஸ் சுட்டுக்கொல்லப்பட்டார்.

இதனை அறிந்தபின் அந்த நேர்காணலைப் பார்ப்பது வேறோர் அனுபவம். பக்திக்கும் வெறிக்கும் இடையிலுள்ள தூரத்தை, பக்தியுள்ள ஒருவரே அளந்து காட்டினார். அதற்கு விலையும் கொடுத்தார். ஒரு சமயத்தின் பெயரால் தீங்கு நேரும்போது, அச்சமயத்தின் உள்ளிருந்தே எழும் மறுப்புக்குரலே மிக வலியது என்பதை எந்தச் சமயத்தாரும் இப்படத்திலிருந்து கற்கலாம். 2019-இல் உச்சநீதிமன்றத் தீர்ப்பு வந்தது. 2024 ஜனவரியில் கோயில் குடமுழுக்கும் நடந்தேறியது. அதற்கு இரண்டு நாட்களுக்கு முன், ஹைதராபாத்தில் இப்படத்தின் திரையிடலைக் காவல்துறையினர் பாதியிலேயே நிறுத்தினர். தணிக்கைக் குழுவிடம் 'யு' சான்றிதழும், தேசிய விருதும் பெற்ற ஒரு படம், முப்பதாண்டுகளுக்குப் பின்னும் சிலரை அமைதியிழக்கச் செய்கிறது.

1995-இல் வந்த 'பித்ரு, புத்ர அவுர் தர்மயுத்' (தந்தை, மகன், புனிதப் போர்) என்னும் படத்தின் தலைப்பே நம் வாசகர்களைத் திடுக்கிடச் செய்யும். நாள்தோறும் நெற்றியில் கைவைத்துச் சொல்லும் சொற்களுள் மூன்றாவது வரவேண்டிய இடத்தில் போர் வந்து அமர்ந்திருக்கிறது. இறைவேண்டலைப் பழிப்பதற்கன்று இத்தலைப்பு. தந்தையிடமிருந்து மகனுக்குக் கையளிக்கப்படும் ஆண்மை பற்றிய தவறான பெருமிதம், எவ்வாறு சமயப்போராக உருவெடுக்கிறது என்பதை அது சுட்டுகிறது. 1987-இல் இராஜஸ்தானின் தேவ்ராலாவில் இளம்பெண் ஒருத்தி கணவனின் சிதையில் எரிந்ததைப் புகழ்ந்த கூட்டங்கள், 1992-93 பம்பாய்க் கலவரங்கள், தெருவோரத்தில் ஆண்மை மருந்து விற்போர் என ஒன்றோடொன்று ஒட்டாதவைபோல் தோன்றும் காட்சிகளை இயக்குநர் ஒரே சரட்டில் கோக்கிறார். சில இடங்களில் சரடு மிகவும் இழுக்கப்படுகிறது என்பதும் உண்மை. ஆனால் பெண்ணை அடக்குவதில் தொடங்கும் வன்முறையே அண்டைவீட்டாரைக் கொல்வதிலும் முடிகிறது என்னும் அடிப்படைக் கருத்தை எளிதில் மறுத்துவிட இயலாது.

பொதுமக்களின் தொலைக்காட்சி

தம் படங்களைத் தூர்தர்ஷனில் காட்டவேண்டும் என்று பட்வர்தன் பிடிவாதமாக நின்றதை அவருடைய நண்பர்களே சிலவேளை புரிந்துகொண்டதில்லை. தொழிற்சங்கங்களும் கல்லூரி மன்றங்களும் சமூகச் செயற்குழுக்களும் அவர் படங்களைச் சிறு அரங்குகளிலும், பின்னர் வீடியோ கேசட் வழியாகவும் காட்டிவந்தன. அது போதாதா? போதாது என்பதே அவர் நிலைப்பாடு. தூர்தர்ஷன் மக்கள் பணத்தில் இயங்குவது. மக்கள் அறியவேண்டியதைக் காட்ட அது கடமைப்பட்டது. அரசியலமைப்பின் 19-ஆம் பிரிவு தரும் கருத்துரிமையில் பேசுவோரின் உரிமையோடு கேட்போரின் உரிமையும் அடங்கியுள்ளது என்னும் அடிப்படையில் அவர் வழக்காடினார். 'தந்தை, மகன், புனிதப் போர்' பற்றிய வழக்கு பத்தாண்டுகளுக்கு மேல் நீண்ட போராட்டத்தின் முடிவில் 2006 ஆகஸ்டில் உச்சநீதிமன்றத்தில் அவருக்குச் சாதகமாகத் தீர்க்கப்பட்டது. எட்டு வாரங்களுக்குள் அதனை ஒளிபரப்பவேண்டும் என்று ஆணை பிறந்தது.

2002-இல் முடிந்த 'ஜங் அவுர் அமன்' (போரும் அமைதியும்), 1998-இல் இந்தியாவும் பாகிஸ்தானும் நடத்திய அணுகுண்டுச் சோதனைகளைப் பற்றியது. தணிக்கைக் குழு பல வெட்டுகளைக் கோரியது. இயக்குநர் ஒன்றையும் ஏற்கவில்லை. பம்பாய் உயர்நீதிமன்றத்தின் 2003-ஆம் ஆண்டுத் தீர்ப்பால் படம் முழுமையாக வெளிவந்தது. அதில் லாகூர்ப் பள்ளியொன்றின் மாணவியர் அணுகுண்டு பற்றி விவாதிக்கும் காட்சி குறிப்பிடத்தக்கது. மேடையில் நின்று குண்டுக்கு ஆதரவாகக் கனல்பறக்கப் பேசுகிறார்கள். பின்பு இயக்குநர் அருகமர்ந்து உரையாடும்போது, விவாதத்தில் வெல்வதற்கு அந்தப் பக்கமே வாய்ப்பானது என்பதால் அவ்வாறு பேசியதாகச் சிரித்துக்கொண்டே ஒப்புக்கொள்கிறார்கள். இரு நாடுகளின் தலைவர்களும் செய்ததும் இதுவே அன்றோ! அச்சிறுமியரிடம் எஞ்சியிருந்த வெள்ளையுள்ளம் தலைவர்களிடம் இல்லை என்பதே வேறுபாடு.

2004-இல் மும்பைச் சர்வதேசத் திரைப்பட விழாவுக்கு வரும் இந்திய ஆவணப்படங்களுக்குத் தணிக்கைச் சான்றிதழ் வேண்டுமென்ற நிபந்தனை விதிக்கப்பட்டபோது, பட்வர்தனும் பிறரும் இணைந்து 'விகல்ப்' என்னும் மாற்றுத் திரைவிழாவை நடத்தினர். தம் படத்துக்காக மட்டுமன்றிப் பிறர் படங்களுக்காகவும் அவர் நின்றார் என்பதற்காக இதனை இங்குக் குறிப்பிடுகிறோம். நர்மதைப் பள்ளத்தாக்கின் மக்களைப் பற்றிச் சிமந்தினி துருவுடன் இணைந்து எடுத்த படமும் (1995), இயந்திரப் படகுகளும் ஆலைக்கப்பல்களும் இறால் பண்ணைகளும் கடலோர மக்களின் வாழ்வைச் சூறையாடுவதைக் காட்டும் 'பேராசைக் கடலில் மீன்பிடித்தல்' (1998) என்னும் படமும் அளவில் சிறியவை. எனினும் நெய்தல் நிலத்து மக்களை உறவினராகக் கொண்ட நம் வாசகர்கள் பின்னதைத் தேடிப் பார்த்தல் நலம்.

குறைகள் என்று கூறத்தக்கவை

பட்வர்தனின் படங்கள் ஒருபக்கம் சாய்ந்தவை என்பது பரவலான குற்றச்சாட்டு. அவர் நடுநிலை வகிப்பதாக ஒருபோதும் சொல்லிக்கொண்டதில்லை. இடிப்பவருக்கும் இடிக்கப்படுவோருக்கும் சம தூரத்தில் நிற்பது நீதியாகாது என்பதால், இக்குற்றச்சாட்டு நம்மைப் பெரிதும் உறுத்தவில்லை. உறுத்துவது வேறொன்று. அவருடைய படத்தொகுப்பு சிலவேளை தீர்ப்பை முன்கூட்டியே எழுதிவிடுகிறது. செல்வர் ஒருவர் பேசி முடித்த மறுகணமே ஏழையின் துயரக்காட்சி வருகிறது. பார்வையாளர் தாமே கண்டடையவேண்டிய முரணை இயக்குநர் கையில் எடுத்துக் கொடுத்துவிடுகிறார். கண்டடையும் உழைப்பு இல்லாதபோது, சினம் எளிதில் கிடைத்துவிடுகிறது. எளிதில் கிடைத்த சினம் எளிதில் ஆறியும்விடுகிறது.

2018-இல் வெளிவந்த 'விவேக்' (பகுத்தறிவு) ஏறத்தாழ நான்கு மணி நேரம் ஓடுவது. நரேந்திர தாபோல்கர், கோவிந்த் பன்சாரே, கல்புர்கி, கௌரி லங்கேஷ் ஆகிய சிந்தனையாளர்கள் 2013 முதல் 2017 வரை அடுத்தடுத்துக் கொல்லப்பட்டதை அது ஆராய்கிறது. ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவில் அவ்வாண்டின் சிறந்த முழுநீளப் படத்துக்கான விருதைப் பெற்றது. துணிவில் குறையில்லை. ஆனால் எதிர்த்தரப்பினர் இதில் பெரிதும் கூட்டமாகவும் முழக்கமாகவுமே தெரிகின்றனர். ஒரு சாதாரண இளைஞன் எந்த ஏக்கத்தால், எந்த அவமதிப்பால் அங்கே போய்ச் சேர்கிறான் என்பதை 'ராம் கே நாம்' பொறுமையாகக் கேட்டறிந்தது. இப்படத்தில் அந்தப் பொறுமை குறைந்திருக்கிறது. காலம் கடுமையானதால் இயக்குநரின் குரலும் கடுமையானது போலும். இழப்பு இழப்பே.

திரும்பிச் செல்லுதல்

இக்குறைகளையெல்லாம் கடந்து நிற்கும் படம் 'ஜெய் பீம் காம்ரேட்' (2011). 2021-இல் தமிழில் வந்த கதைப்படத்தோடு இதனைக் குழப்பிக்கொள்ளலாகாது. இதன் வேர் 'பம்பாய் நம் நகரம்' படத்தில் இருக்கிறது. அப்படத்தில் ஏழைகளின் கதையைப் பாடலாகப் பாடியவர் விலாஸ் கோக்ரே என்னும் மராத்திய மக்கள் பாடகர். தலித் குடும்பத்தில் பிறந்து, இடதுசாரிக் கலைக்குழுவில் பாடிவந்தவர்.

1997 ஜூலை 11-ஆம் நாள் பம்பாய் காட்கோபரிலுள்ள ரமாபாய் நகரில், அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை அணிவிக்கப்பட்டிருப்பதைக் கண்டு மக்கள் திரண்டனர். காவல் படையினர் சுட்டதில் 10 பேர் இறந்தனர். நான்கு நாட்களுக்குப் பின், விலாஸ் கோக்ரே தம் குடிசையில் தூக்கிட்டு உயிர்நீத்தார். தலையில் நீலத்துணி கட்டியிருந்தார். அம்பேத்கர் இயக்கத்தின் நிறம் அது. தாம் சார்ந்திருந்த கலைக்குழுவிலிருந்து அதற்கு முன்பே அவர் விலக்கிவைக்கப்பட்டிருந்தார்.

செங்கொடியின் கீழ் பாடிய ஒருவர் சாகும்வேளையில் நீலத்துணியை ஏன் எடுத்துக் கட்டினார்? இந்த ஒரு வினாவைத் தாங்கிக்கொண்டு பட்வர்தன் 14 ஆண்டுகள் படமெடுத்தார். சுடப்பட்டோரின் இல்லங்களுக்கு மீண்டும் மீண்டும் சென்றார். குழந்தைகள் வளர்வதையும், வழக்கு ஊர்ந்து செல்வதையும், அரசியல் கூட்டணிகள் மாறுவதையும் பொறுமையாகப் பதிவுசெய்தார். எரிவாயு லாரியைக் கூட்டம் கொளுத்த முயன்றதாலேயே சுட நேர்ந்தது என்ற காவல்துறையின் விளக்கத்தைக் காட்சிச் சான்றுகளோடு ஒப்பிட்டு ஆராய்ந்தார். சுட உத்தரவிட்ட அதிகாரிக்கு 2009-இல் ஆயுள் தண்டனை கிடைத்தது. விரைவிலேயே அத்தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது. மூன்று மணி நேரத்தைக் கடந்து ஓடும் இப்படத்தின் நீளம் ஒரு குறையன்று. நீதி எவ்வளவு தாமதிக்கும் என்பதைப் பார்வையாளரின் உடலே உணர்வதற்கு அந்த நீளம் தேவைப்படுகிறது.

இதில் இயக்குநரின் தொகுப்பும் மாறியிருக்கிறது. முரணைக் காட்டிவிட்டு நகரும் அவசரம் இல்லை. பாடல்கள் முழுமையாகப் பாடப்படுகின்றன. தெருமுனைகளில், குடியிருப்புகளின் முற்றங்களில், இரவு நெடுநேரம் பாடும் கலைஞர்களை நாம் அமர்ந்து கேட்கிறோம். சாதிக்கொடுமையைப் பொருளாதார வினாவாக மட்டுமே கண்டு, அதன் தனித்த வலியைக் காணத் தவறிய இடதுசாரி நண்பர்களின் மௌனத்தையும் படம் தொட்டுக்காட்டுகிறது. புனேயைச் சேர்ந்த கபீர் கலா மஞ்ச் என்னும் இளையோர் குழுவினர் புதிய தலைமுறையின் குரலாக எழுகிறார்கள். நக்சலைட்டுகள் என்று குற்றஞ்சாட்டப்பட்டு அவர்கள் தலைமறைவாக நேர்ந்ததோடு படம் நிறைவுறுகிறது. ஒரு பாடகரின் சாவில் தொடங்கிய படம், பாடகர்கள் மறைந்து வாழவேண்டிய நிலையில் வந்து நிற்கிறது.

இங்கே நாம் முதலில் எழுப்பிய வினாவுக்குத் திரும்பலாம். 1985-இல் வீடிழந்த அந்தப் பெண் கேட்டது, படமெடுத்துப் போனபின் எங்களை யார் நினைப்பார் என்பதே. அப்படத்தில் பாடியவருடைய மரணத்தை இயக்குநர் 14 ஆண்டுகள் நினைத்துக்கொண்டிருந்தார். ஏழையின் முகத்தைத் தம் படத்தில் ஒருமுறை பயன்படுத்திக்கொண்டவர், அம்முகத்துக்குரியவர் இறந்தபோது அவருடைய வாசலுக்குத் திரும்பிச் சென்றார். இதனால் கடன் தீர்ந்துவிட்டது என்று சொல்ல இயலாது. இத்தகைய கடன்கள் தீர்வதில்லை. ஆனால் கடன் இருப்பதை மறவாதிருத்தல் என்பது ஓர் அறம். சாட்சி என்பவர் கண்டதைச் சொல்லிவிட்டு விலகுபவர் அல்லர். தாம் சொன்ன சொல்லோடு கட்டுண்டு கிடப்பவர். அந்தப் பொருளில் பட்வர்தனின் காமிரா சாட்சியாகியது இப்படத்தில்தான்.

2023-இல் வெளிவந்த 'வசுதைவ குடும்பகம்' (உலகமே குடும்பம்) அவரைத் தம் இல்லத்துக்கே அழைத்துச் செல்கிறது. முதுமையடைந்த பெற்றோரை, படமாக்கும் எண்ணமின்றியே பல்லாண்டுகளாக எடுத்துவைத்த காட்சிகள் அவை. சிந்து மாநிலத்து ஹைதராபாத்தில் வேர்கொண்ட குடும்பத்தில் பிறந்து, சாந்திநிகேதனில் பயின்று, மட்பாண்டக் கலைஞராக விளங்கிய தாய் நிர்மலா. விடுதலைப் போராட்டக் குடும்பத்தைச் சேர்ந்த தந்தை. 1942-இல் தலைமறைவாகப் போராடிய பெரியப்பா அச்சுத் பட்வர்தன். இவர்களுடைய சிரிப்பும் சிறுசிறு சச்சரவும் நோயும் மரணமும் படத்தில் உண்டு. ஐம்பதாண்டுகளாகப் பிறர் வீட்டுத் துயரத்தைப் படமெடுத்தவர், இப்போது தம் வீட்டு இழப்பைப் பிறர் பார்வைக்கு வைக்கிறார். கொடுக்கல் வாங்கலில் இது ஒரு நேர்மையான ஈடு.

இப்படங்களால் நாடு மாறிவிட்டதா என்று கேட்போர் உண்டு. மசூதி இடிபடுவதை 'ராம் கே நாம்' தடுக்கவில்லை. அணுகுண்டுகள் கிடங்குகளில்தான் இருக்கின்றன. குடிசைகள் இன்றும் இடிக்கப்படுகின்றன. எனினும் லால்தாஸ் என்ற எளிய பூசாரி என்ன சொன்னார் என்பதை எவராலும் மாற்றி எழுத முடியாது. ரமாபாய் நகரில் லாரி எங்கே நின்றது, மக்கள் எங்கே விழுந்தார்கள் என்பதை மறைக்க முடியாது. மறதியை ஆட்சியாளர் விரும்பும் காலத்தில், மறக்க விடாதிருப்பதே ஒரு கலைஞர் செய்யக்கூடிய பெருந்தொண்டு. அந்தத் தொண்டின் மறுபாதி பார்ப்பவரிடம் இருக்கிறது. இடிபாடுகளின் நடுவே நின்ற அந்தப் பெண்ணின் வினா, படமெடுத்தவரைக் கடந்து, இன்னும் நம்மை நோக்கியே நிற்கிறது.